நூறு விழுக்காட்டில் காணாமல் போகிறவர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

பத்தாம் வகுப்பு முடிவு வந்ததும் நூறு விழுக்காடு தேர்ச்சி பெற்ற பள்ளிகளைப் பட்டியல் போடுகிறீர்கள். அது தேர்வு எழுதியவர்களை மட்டும் வைத்துப் போடும் கணக்கு. ஒன்பதாம் வகுப்பில் 40 பேர் இருந்து, 4 பேர் இடையில் நின்று, 3 பேர் பரீட்சைக்கு வராமல், எழுதிய 33 பேரும் தேறினால் அந்தப் பள்ளிக்கு நூறு விழுக்காடு. 40 பேருக்கும் பார்த்தால் 82.5தான். எங்கள் ராமநாதபுரம் கடலோரத்தில் தொண்டி, மண்டபம், மூக்கையூர் பக்கம் இப்படி விடுபடுவோரில் கடல்தொழிலுக்குப் போகும் பையன்களே அதிகம்.

விழுக்காடு கேட்டு மேலிருந்து நெருக்க நெருக்க, கணக்குப் பாடம் 35 மார்க்குக்குச் சுருங்கிவிட்டது. வடிவியல் 8, வரைபடம் 8, ஒரு மதிப்பெண் வினா 14, ஆக 30. மிச்சத்துக்கு இரண்டு மதிப்பெண் வினா மூன்று. அரையாண்டுக்குப் பின் மெல்லக் கற்போருக்கு நடப்பது இவ்வளவுதான். (ஆசிரியரைக் குறை சொல்லிப் பயனில்லை, அவரிடம் கேட்கப்படுவதும் இதுதான்.) வரைபட அட்டவணையை மனப்பாடம் செய்த பிள்ளை, கேள்வியில் எண் மாறினால் (-3)-இன் வர்க்கத்தை 9 என்பதற்குப் பதில் -9 என்று எழுதும். மேலே ஏற வேண்டிய புள்ளி கீழே விழ, கிண்ணம் போல் வளைய வேண்டிய கோடு (பரவளையம்) இடப்பக்கம் முறிந்து நிற்கும். இந்த அடித்தளத்தோடு பதினொன்றில் கணக்குப் பிரிவில் சேர்ந்தால் முதல் மாதமே திணறல்.

தவறியவர்களுக்குத் துணைத் தேர்வு இருக்கிறதே என்பார்கள். விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடைக்காலம் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, 61 நாள். முடிவு மே மாதம் வருகிறது. துணைத் தேர்வோ ஜூன் கடைசியில் அல்லது ஜூலையில். படிக்க வேண்டிய நேரத்தில் படகு கிளம்பிவிடும். தடை முடிந்த முதல் மீன்பாட்டை நம்பியிருக்கும் வீட்டில் போகாதே என்று யார் சொல்வார்?

பையன் கரையில் இருக்கும் அந்த ஒரு மாதம்தான் வாய்ப்பு. முடிவு வந்த வாரமே, தவறிய பாடத்துக்கு மட்டும், மாலையில், அவரவர் ஊரிலேயே வகுப்பு தொடங்கி ஜூன் 14-க்குள் முடிக்க வேண்டும். விண்ணப்பத்தையும் பள்ளியே வீடு தேடிப் போய் எழுதி வாங்கட்டும். கோடை விடுமுறை என்பதால் இதற்கு மாவட்ட நிர்வாகம் ஆள் ஒதுக்கினால்தான் நடக்கும்.

தங்கள் நாளிதழும் அடுத்த ஆண்டு முதல் ஒன்பதில் இருந்தோர், எழுதியோர், தேறியோர் என மூன்று எண்களையும் சேர்த்து வெளியிடலாம். கல்வித்துறையின் இணையவழி மாணவர் பதிவான எமிஸில் (EMIS) ஒவ்வொரு பிள்ளைக்கும் எண் உண்டு. மாற்றுச் சான்றிதழ் வாங்கி வேறு பள்ளிக்குப் போனவர்களைக் கழித்துக்கொள்வதும் எளிது.

கணித ஆசிரியர்கள் சிலர்,
பாம்பன்