அவங்களே எழுதட்டும்

ஆசிரியருக்கு வணக்கம். போன ஞாயிறு இணைப்புல லெஸ்பியன் எழுத்தாளர், பத்திரிகையாளர் ஒருத்தரைப் பத்தி வந்த கட்டுரைய ரெண்டு தடவ படிச்சேன், ரொம்ப நன்றிங்க. பொண்ண விரும்புற பொண்ணுங்க நம்ம பேப்பர்கள்ல பெரும்பாலும் வர்றது 'மாணவி மாயம்'னு போலீஸ் நியூஸ்லதான், அவங்களே எழுதினாத்தான் வாடகை, வேலை, சாதி எல்லாம் அந்த வாழ்க்கையில எப்படி பின்னிக் கிடக்குன்னு நமக்குப் புரியும். எனக்குத் தெரிஞ்ச ஒரு ஜோடி, ரெண்டும் பொண்ணுங்க, எங்க வில்லாபுரத்துல மாடி வீடு கேட்டு வந்தப்ப ஓனரம்மா மொதல்ல கேட்டது "நீங்க என்ன ஆளுக?", அடுத்தது "எப்பக் கல்யாணம்?", அட்வான்ஸ் கவரைக் கையில வச்சுக்கிட்டே அந்தப் புள்ளைக படி இறங்கிப் போச்சுக.

2021 ஜூன் 7-ல சென்னை ஹைகோர்ட் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், இந்த மாதிரி ஜோடிகளப் போலீஸ் தொந்தரவு பண்ணக் கூடாதுன்னு குடுத்த தீர்ப்பே வீட்ட விட்டு சென்னைக்குப் போன ரெண்டு மதுரைப் பொண்ணுங்க வழக்குலதான், விஷயத்தப் புரிஞ்சுக்க அவரே சைக்காலஜிஸ்ட்கிட்ட போய் உக்காந்து கேட்டாரு, எவ்வளவு பெரிய மனசு! உங்க மதுரைப் பதிப்புல மாசம் ஒரு பக்கம் பொண்ண விரும்புற பொண்ணுங்களுக்கே எழுதக் குடுங்க, சன்மானமும் குடுங்க, சொந்தப் பேரு போடணுமா வேண்டாமாங்கிறத அவங்களே முடிவு பண்ணட்டும். நத்தம் ரோடு கலைஞர் நூலகத்துலயும் இவங்க புத்தகங்களுக்கு ஒரு தனி ரேக் வைக்கலாம்.

– ஒரு வாசகி, வில்லாபுரம், மதுரை