வாண்டாவைத் தமிழில் பேச வைத்தவர்களுக்கு நன்றி

போன ஞாயிறு எங்கள் மொட்டை மாடியில் முப்பது பேர் உட்கார்ந்து ஒரு போலந்துப் படம் பார்த்தோம். வோய்ச்செக் விஷ்னியெவ்ஸ்கி 1975-இல் எடுத்த 'வாண்டா கோஷ்சிமின்ஸ்கா, பஞ்சாலைத் தொழிலாளி'. ஓடுவது இருபது நிமிடம் சொச்சம். தமிழ் சப்டைட்டில் போட ஆறு மாதம் ஆனது. அதனால்தான் இந்த மடல்.

வாண்டா நிஜமான பெண். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு, போலந்தின் வூச் நகர மில்லில் ஒரே ஆளாகப் பல மெஷின்களைப் பார்த்து, இலக்கைத் தாண்டி உற்பத்தி காட்டியவர். அரசு பதக்கம் குத்திக் கொண்டாடியது. படத்தில் ஆட்கள் சிலை மாதிரி நின்று காமிராவையே பார்க்கிறார்கள். வாண்டாவின் குரல் மேடைப் பேச்சுப் போல ஒலிக்கிறது. புகழ்ச்சியா, கிண்டலா? அதிகாரிகளுக்கும் சந்தேகம் வந்திருக்கும் போல. படம் வெளியே வந்தது 1981-இல்தான். அதே ஆண்டு இயக்குநரும் போய்விட்டார், 35 வயதுகூட நிரம்பாமல்.

முதல் நன்றி, வூச்சில் படிக்கும் என் அத்தை மகளுக்கு. அவளைவிட அவள் வீட்டுக்காரப் பாட்டிக்கு. பாட்டி பழைய மில் தொழிலாளி. தறிச் சத்தத்தில் காது மந்தமாகி, வீடியோ காலிலும் கத்தித்தான் பேசுவார். அறுந்த இழையை ஒட்டுவது எப்படி என்று கேட்டதும், வெறும் விரல்களை உரசிக் காட்டினார். வாண்டா பெயரைச் சொன்னால் மட்டும் முகம் சுளிக்கும். "அவள் ஓடினால் எங்களுக்கும் இலக்கை ஏற்றுவார்கள்." 1971 பிப்ரவரியில் விலையேற்றத்தை எதிர்த்து வேலைநிறுத்தம் செய்து, அரசையே இறங்கிவர வைத்த வூச் பெண்களில் அவரும் ஒருவர்.

அப்புறம், எங்கள் தெரு சைடர் பெரியப்பா. சைடர் என்றால் மில்லில் நூல் நூற்கும் மெஷினைப் பார்த்துக்கொள்கிறவர். முப்பது வருடம் கோவை மில்லில் ஸ்பின்னிங் பார்த்தவர். வாண்டாவை நான் வீட்டுத் தமிழில் பேச வைத்திருந்தேன். படித்துவிட்டு, "இது நோட்டீஸ் பாஷைப்பா, நீ ஏன் அடுப்படிக்குக் கொண்டுபோறே?" என்றார். பரணிலிருந்து சங்க நோட்டீஸ் கட்டையே இறக்கிவிட்டார். சப்டைட்டிலில் வரும் 'உழைப்பு வீராங்கனை' அங்கிருந்து வந்ததுதான். சரி என்று எல்லாவற்றையும் திருப்பி எழுதினேன். விறைப்பு வந்த பிறகுதான் படமே எனக்குப் பிடிபட்டது.

பாதியில் சப்டைட்டில் இரண்டு நொடி பிந்தியது என் தவறு. பொறுத்துக்கொண்டவர்களுக்கும், திரைக்கு வேட்டி கொடுத்த எதிர்வீட்டு அண்ணனுக்கும், சுண்டல் கொண்டுவந்த அக்காமாருக்கும் நன்றி. ஒரு பித்தளைத் தூக்கு எங்கள் வீட்டிலேயே நிற்கிறது, மூடியில் 'ர' என்று கீறியிருக்கிறது. யாருடையது?