தறியை நிறுத்திய பெரியவருக்கு

அன்று பாதியில் நிறுத்தப்பட்ட எங்கள் வீதி நாடகத்தை நேற்று மாலை சேலம் அம்மாபேட்டையில் அதே முக்கில் ஆடி முடித்துவிட்டோம். வீட்டுக்கு வந்தும் தூக்கம் வரவில்லை. அன்று நடந்ததையெல்லாம் இங்கே திரும்பச் சொல்லவில்லை. நன்றியை மட்டும் சொல்லிவிடுகிறேன்.

விடியும்வரை கூடவே நின்ற தோழர்கள், ஒரு ரூபாய் வாங்காமல் வந்த வக்கீல் அக்கா, எங்கள் பறை கிழிந்ததும் தன்னுடையதை இரவல் தந்த அண்ணன், செவ்வாய்ப்பேட்டையிலிருந்து தட்டுவடை செட் கட்டிக்கொண்டு வந்த பிள்ளைகள் எல்லோருக்கும் கும்பிடு.

ஆனால் கண்ணை மூடினால் வந்து நிற்பவர் வேறொருவர். பெயர்கூடக் கேட்டுக்கொள்ளவில்லை.

வீதி நாடகத்தில் எங்களுக்கு மைக் கிடையாது, தொண்டைதான். குழுக்கடன் வசூலுக்கு வந்தவன் வாசலில் உட்கார்ந்துகொள்ளும் காட்சியில் அம்மா மெதுவாகத்தான் பேச வேண்டும். கத்தினால் வசனம் செத்துவிடும். தெருவின் இரண்டு பக்கமும் விசைத்தறி ஓடுகிறது, முன்வரிசைக்கே கேட்கவில்லை. மூன்றாவது வீட்டிலிருந்து ஒரு பெரியவர் எட்டிப் பார்த்தார். புருவமெல்லாம் பஞ்சுத்தூசு. உள்ளே போனார், ஒரு தறி நின்றது. திரும்ப வாசலுக்கு வந்து எதிர்வீட்டைப் பார்த்துக் கையை அசைத்தார். அங்கேயும் நின்றது. அப்புறம் பக்கத்து வீடு. கொஞ்ச நேரத்தில் தெருவே அடங்கிவிட்டது. அம்மாவின் பெருமூச்சு கடைசி வரிசைவரை கேட்டது.

அங்கே மீட்டர் கணக்கில்தான் கூலி. தறி நின்றால் வருமானமும் நின்றது. அரைமணி நேரத்துக்கு மேல் நிறுத்தி வைத்திருந்தார்கள்.

1989 ஜனவரி 1 அன்று தில்லியை ஒட்டிய சாகிபாபாத்தில் ‘ஹல்லா போல்’ வீதி நாடகத்தின் நடுவே நாடகக் கலைஞர் சப்தர் ஹஷ்மியைத் தாக்கினார்கள். மறுநாள் இறந்துபோனார். 4ஆம் தேதி அவர் மனைவி மொலோயஸ்ரீ குழுவோடு அதே இடத்துக்குப் போய் நாடகத்தை ஆடி முடித்தார். அந்தத் தைரியத்தைப் பலமுறை மேடையில் பேசியிருக்கிறேன். அன்று எதிரே வந்து கூடிய தொழிலாளர்களை நான் ஒருநாளும் நினைத்துப் பார்த்ததில்லை. நேற்றுதான் நினைத்தேன்.

நேற்று ஆட்டம் முடிந்ததும் அந்தப் பெரியவருக்கு டீ வாங்கித் தரப் போனோம். வேண்டாமென்றுவிட்டு, "எங்க கூலியப் பத்தி ஒண்ணு போடுங்க கண்ணு" என்றார்.

ஐயா, வருகிற ஞாயிறு நோட்டோடு உங்கள் திண்ணைக்கு வருகிறோம். நீங்கள் சொல்லச் சொல்ல எழுதிக்கொள்கிறோம். முதல் ஆட்டம் உங்கள் தெருவில்தான், தறிக்கு லீவு விடும் நாளாகப் பார்த்து வருகிறோம்.