புதிய உலகத்துக்குப் புதிய பொழுது வேண்டாமா?

ஆசிரியருக்கு வணக்கம்.

தங்கள் இதழில் வெளிவரும் மிகுபுனைவுத் தொடரை முதல் அத்தியாயத்திலிருந்தே வாசித்து வருகிறேன். சென்ற இதழில், அந்த உலகத்தின் காலக்கணக்கைச் சொல்லும் புனித ஏடான ஊழிச்சுவடி கருவறையிலிருந்து வெளியே வந்த இடம் அருமை. இரண்டு நிலவுகளும் ஒருசேர நிறைந்திருக்கும் இரவில் மட்டுமே அதன் கட்டை அவிழ்க்கலாம் என்ற விதியும், இளம் துறவி நடுங்கும் விரலால் முதல் ஏட்டைப் புரட்டுவதும் இன்னும் கண்ணிலேயே நிற்கின்றன. அதனால்தான் ஏட்டில் எழுதியிருந்ததைப் படித்ததும் வருத்தமாக இருந்தது. பன்னிரண்டு மாதம், ஏழு நாள் கொண்ட வாரம், பத்தாயிரம் ஆண்டுகளாக ஓர் எழுத்தும் மாறாத நூல்!

நிலமும் பொழுதும் சேர்ந்ததையே முதற்பொருள் என்கிறது தொல்காப்பியம். நிலத்தை அடியோடு புதிதாகப் படைத்த எழுத்தாளர், பொழுதை மட்டும் நம்முடைய நாள்காட்டியிலிருந்து எடுத்துக்கொண்டது ஏன்?

நமக்குப் பன்னிரண்டு மாதங்கள் வாய்த்தது நம் நிலவால். அமாவாசையிலிருந்து அடுத்த அமாவாசைக்குச் சராசரியாக 29.53 நாள். பன்னிரண்டு முறை சுற்றினால் 354 நாள். ஆண்டுக்கு ஏறக்குறைய 11 நாள் குறையும். அதை ஈடுகட்டத்தான், சில ஆண்டுகளில் கூடுதலாக ஒரு மாதத்தைச் சேர்க்கும் அதிக மாதம் என்ற ஏற்பாடு வந்தது. கிழமை ஏழு என்பதும் வானத்தோடு ஒட்டியதுதான். வெறுங்கண்ணுக்குத் தெரிந்து இடம் மாறும் ஒளிகள் ஞாயிறு, திங்கள், ஐந்து கோள்கள் ஆக ஏழு. இரண்டு நிலவு உள்ள உலகத்தில் இந்த இரண்டு எண்களும் எப்படி வரும்?

தொடரின் மூன்றாம் அத்தியாயமே விடையை வைத்திருக்கிறது. அங்கே ஆண்டுக்கு 400 நாள். சின்ன நிலவு 24 நாளுக்கு ஒருமுறை நிறைகிறது, பெரிய நிலவு 40 நாளுக்கு ஒருமுறை. காகிதத்தில் போட்டுப் பார்த்தேன். இரண்டும் சேர்ந்து நிறைவது 120 நாளுக்கு ஒருமுறை. நடுவே, 60ஆம் நாளில், இரண்டும் ஒன்றாக மறையும். இரட்டைப் பௌர்ணமிக்கு இணையாக ஓர் இரட்டை அமாவாசை! அந்த இரு நாள்களிலும் கடல் மிகவும் பொங்கும். துறைமுக நகரத்தில் நடக்கும் கதை இது. காலத்தைச் சொல்லும் அதிகாரம் அர்ச்சகர்களிடம் மட்டும்தான் இருக்குமா? படகோட்டிகளும் அந்த நாள்களைக் குறித்து வைத்திருக்க மாட்டார்களா? மூன்று ஆண்டு முடிந்தால் 1,200 நாள். அதில் சின்ன நிலவு 50 முறையும் பெரிய நிலவு 30 முறையும் நிறைந்திருக்கும், இரட்டைப் பௌர்ணமி பத்து. ஆண்டும் இரு நிலவுகளும் மறுபடி ஒரே நாளில் சேர்வதால், அந்த மக்களின் யுகம் மூன்றாண்டுதான்.

ஆனால் இவ்வளவு கச்சிதமாகப் பொருந்தும் வானம் எங்கும் கிடையாது. சின்ன நிலவுக்கு 24 நாளும் ஒரு நாழிகையும் ஆகிறது என்று வைத்துக்கொள்வோம். நம் கணக்கில் அது 24 நிமிடம்தான். 120 நாளில் ஐந்து நாழிகை பிந்தும், மூன்றாண்டில் ஐம்பது. நாற்பத்து மூன்று ஆண்டு கழிந்தால் பன்னிரண்டு நாள் பிந்தியிருக்கும். சுவடி இரட்டைப் பௌர்ணமி என்று சொல்லும் இரவில் மக்கள் அண்ணாந்து பார்த்தால் சின்ன நிலவே இருக்காது. பத்தாயிரம் ஆண்டு வேண்டாம், ஒரு தலைமுறைக்குள்ளேயே வேதம் பொய்த்துவிடும். திருத்தினால் புனிதம் போகும், திருத்தாவிட்டால் வானம் ஒத்துழைக்காது. இந்தத் தொடர் இதுவரை தொடாத பெரிய நாடகம் இங்கேதான் இருக்கிறது என்று உறுதியாக நினைக்கிறேன்.

நம் உலகத்தில் இது நடந்தே இருக்கிறது. மத்திய அமெரிக்காவின் பழங்குடிகளான மாயா மக்கள் அத்தி இன மரப்பட்டைத் தாளில் எழுதி மடித்து வைத்த நூல்களில், இன்று ஜெர்மனியின் டிரெஸ்டன் நகரில் இருக்கும் ஏட்டில் வெள்ளிக் கோளுக்கு ஓர் அட்டவணை உண்டு. ஒரு சுற்றுக்கு 584 நாள். ஐந்து சுற்று 2,920 நாள், அதாவது 365 நாள் கொண்ட ஆண்டுகள் எட்டு. உண்மையான சராசரி 583.92 நாள் என்பதால் கணக்கு மெல்ல விலகும். அதைச் சரிசெய்யும் திருத்தங்களும் அதே ஏட்டில் இருக்கின்றன. வழிபாட்டோடு பிணைந்த நூலிலேயே திருத்தம்! ஐரோப்பாவில் 1582 அக்டோபர் 4க்கு மறுநாளை அக்டோபர் 15 என்று அறிவிக்க வேண்டி வந்ததும், பழைய நாள்காட்டியில் ஆண்டுக்குப் பதினோரு நிமிடம் போலக் கூடிவந்த பிழையால்தான்.

ஊழிச்சுவடியிலும் பல கைகளின் எழுத்து தெரிய வேண்டும். ஓலை என்றால் பூச்சி அரிக்கும், ஓரம் முறியும். சில நூற்றாண்டுக்கு ஒருமுறையாவது படியெடுத்தே ஆக வேண்டும். படியெடுத்தவர்களில் ஒருவர் துணிந்து ஒரு நாழிகையைச் சேர்த்திருப்பார். இன்னொருவர் அதைப் பிழை என்று நினைத்து நீக்கியிருப்பார். இளம் துறவி கண்டுபிடிக்க வேண்டியது அந்த இருவரையும்தான். எதிர்காலத்தைச் சொல்லும் மந்திரத்தை விட இது எனக்குப் பெரிதாகப் படுகிறது.

வரும் அத்தியாயங்களில் சுவடி தீக்கிரையாகும் என்று முன்னோட்டத்தில் படித்தேன். எழுத்தாளரிடம் ஒரு வேண்டுகோள். 1562இல், இன்றைய மெக்சிகோவின் யுகத்தானில் உள்ள மானி என்ற ஊரில் தியேகோ தெ லாந்தா என்ற பாதிரியார் மாயா நூல்களை எரித்தார். இன்று உலகில் எஞ்சியவை நான்கே. அதனால், தீ வைப்பதற்கு முன் அந்தத் திருத்தக் கணக்கையாவது துறைமுகத்துப் படகோட்டி ஒருவர் மனப்பாடம் செய்துகொள்ளட்டும்.

அன்புடன்,
தொடரின் வாசகர் ஒருவர்