ஓரத்தை வெட்டாதீர்கள்: பழைய கொரியப் படங்களை வெளியிடுவோருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரியோருக்கு,

வணக்கம். 1960களின் கொரிய ரவுடிப் படம் இன்னொன்றும் இருபுறமும் வெட்டுப்பட்டு வெளிவந்திருக்கிறது. முழுச் சட்டகத்தையும் தாருங்கள் என்பதுதான் எங்கள் கோரிக்கை.

அக்காலப் படங்களில் பெரும்பாலானவை சினிமாஸ்கோப். கேமரா லென்ஸ் காட்சியைப் பக்கவாட்டில் பாதியாக நெருக்கி 35 மி.மீ. பிலிமில் பதிக்கும், புரொஜெக்டர் லென்ஸ் அதை விரிக்கும். அகலத்துக்கும் உயரத்துக்கும் உள்ள விகிதம் 2.35க்கு 1. இதை இன்றைய டிவி திரை நிறைய ஊதிப் பெரிதாக்கினால் படத்தில் 24 சதவீதம் வெளியே போய்விடும். பழைய சதுர டிவிக்காக வெட்டிய பிரதி என்றால் 43 சதவீதம்.

இழப்பு சண்டைக் காட்சிகளில்தான் அதிகம். அடிப்பவன் இடது ஓரம், அடிவாங்குபவன் வலது ஓரம். வெட்டிய பிரதியில் நடுவிலுள்ள சுவர்தான் மிஞ்சுகிறது. அதைச் சரிக்கட்ட, ஒளிப்பதிவாளர் அசைக்காத கேமராவை நீங்கள் இடமும் வலமும் அசைக்கிறீர்கள். இதை ஏற்க முடியவில்லை. இயக்குநர் லீ மான்-ஹீயின் 'பிளாக் ஹேர்' (1964) கும்பலின் சட்டத்துக்குக் கட்டுப்பட்டு மனைவியைக் கைவிடும் தலைவனின் கதை. சுற்றி நிற்கும் அடியாட்களை வெட்டிவிட்டால் அவனுடைய நெருக்கடி எப்படிப் புரியும்?

மேலும் கீழும் கறுப்புப் பட்டை தெரிகிறது என்று சிலர் குறைசொல்வார்கள், சொல்லட்டும். எச்டி திரையின் 1920 பிக்சல் அகலத்தை முழுதாக வைத்தால் உயரம் சுமார் 817 வரும், மீதி பட்டை. அவ்வளவுதான்.

இன்னொன்று: டிவிக்காக எடுத்த பழைய மாஸ்டரில் (நகல்களுக்கு மூலமான வீடியோ பிரதியில்) 4 பிலிம் ஃபிரேம்கள் 5 வீடியோ ஃபிரேம்களாகியிருக்கும்; அந்த ஐந்தில் இரண்டு, அடுத்தடுத்த இரு ஃபிரேம்களின் கலவை. அதைப் பிரிக்காமல் வெறுமனே டீஇன்டர்லேஸ் செய்தால் (ஒன்றுவிட்டு ஒன்றாகப் பதிந்த வரிகளை முழு ஃபிரேமாக்கினால்) ஒரு குத்துக்கு இரண்டு முஷ்டி தெரியும். முதலில் பிலிமின் நொடிக்கு 24 ஃபிரேமுக்கு மீட்டெடுங்கள்.

அதே லீ மான்-ஹீ 1966இல் எடுத்த 'மான்ச்சு' தென் கொரியாவிலேயே இன்று கிடைப்பதில்லை. எத்தனையோ படங்களின் நெகட்டிவ் போயே போய்விட்டது. தப்பிப் பிழைத்தவற்றிலும் கால்வாசியை நறுக்குவதற்கு என்ன நியாயம்?

கோபம் தொனித்திருந்தால் பொறுத்தருள்க. கையிலிருப்பது வெட்டிய மாஸ்டர் மட்டும்தான் என்றால், பிலிம் பிரதியிலிருந்து மறுபடி ஸ்கேன் செய்யுங்கள். அதுவரை அந்தப் பிரதியை 'ஓரம் வெட்டியது' என்று குறிப்பிட்டே வெளியிடுங்கள். முழுச் சட்டகத்தையும் தருமாறு பணிவுடன் வேண்டுகிறோம்.

இப்படிக்கு,
பழைய கொரியப் படங்களின் தமிழ் ரசிகர்கள்