கேம் கம்பெனிகளுக்கு அம்பாசமுத்திரத்திலிருந்து ஒரு மடல்

துப்பாக்கிச் சண்டை கேம்களைத் தயாரிக்கும் கம்பெனிக்காரர்களுக்கு,

வணக்கம். அம்பாசமுத்திரத்தில் கம்ப்யூட்டர் சர்வீஸ் கடை வைத்திருக்கிறேன். சாயங்காலமானால் கல்லிடைக்குறிச்சி, விக்கிரமசிங்கபுரம் பையன்கள் பென்டிரைவோடு வந்து நிற்பார்கள். "அண்ணாச்சி, சுருக்கின கேம் இருக்கா?" என்பதுதான் முதல் கேள்வி.

உங்கள் புது கேம்கள் பலவும் 100 ஜிபியைத் தாண்டுகின்றன. இந்தப் பையன்களுக்கு இணையம் என்பது அப்பாவின் செல்போன். ஒரு நாளைக்கு 1.5 ஜிபி. ஒரே ஒரு கேமை இறக்க 67 நாள் ஆகும், அதுவும் வீட்டில் வேறு யாரும் நெட்டைத் தொடாமல் இருந்தால்.

அதனால்தான் முகம் தெரியாத யாரோ சுருக்கிக் கொடுத்ததைத் தேடிப் போகிறார்கள். சுருக்குகிறவர்கள் மந்திரம் எதுவும் செய்வதில்லை. வேண்டாத மொழிகளின் குரல்களை எடுத்துவிட்டு, வீடியோவின் தரத்தைக் குறைத்து, மிச்சத்தை இறுக்கிக் கட்டுகிறார்கள். பழைய மெஷினில் அது பிரிய மணிக்கணக்காகும். பையன்கள் பொறுமையாகக் காத்திருக்கிறார்கள். 2014இல் வந்த டைட்டன்ஃபால் என்ற கேம், கணினியில் பிடித்த 48 ஜிபியில் 35 ஜிபி சுருக்காத ஒலி. வேகம் குறைந்த பிராசஸர்கள் திணறக் கூடாது என்றுதான் அப்படி வைத்தார்கள். நல்ல எண்ணம்தான். ஆனால் நேரம் போனாலும் பரவாயில்லை, இடம்தான் இல்லை என்கிறவர்களுக்கு வழியே இல்லாமல் போயிற்று.

சுருக்கிய கேம் எல்லாமே நல்லவர் கையிலிருந்து வருவதில்லை. போன வருஷம் ஒரு பையன் கொண்டுவந்த மெஷினில் வைரஸ் ஒன்று அக்கா கல்யாணப் போட்டோவை முழுக்கப் பூட்டிவிட்டு, திறக்கப் பணம் கேட்டது. ஆன்டிவைரஸை அணைத்துவிட்டு இன்ஸ்டால் செய்யச் சொன்னார்களாம், அணைத்திருக்கிறான். என்னால் எதையும் மீட்க முடியவில்லை. தாலி கட்டும் படம் ஒன்றாவது கிடைக்குமா என்று அவன் அம்மா இரண்டு நாள் கடைக்கு நடந்தார்.

திருட்டுப் பிரதிக்கு நான் வக்காலத்து வாங்கவில்லை. என் கடையில் ஏற்றித் தருவதும் இல்லை. சரி, லைட் வெர்ஷனை நீங்களே கொடுங்களேன். ஒரு மொழிக் குரல், சாதாரணத் தரத்தில் டெக்ஸ்சர் (சுவர், தரை மேல் ஒட்டும் படங்கள்), கதைப் பகுதி தனி, ஆன்லைன் பகுதி தனி. உங்களில் சிலர் இதை ஓரளவு செய்கிறீர்கள். எல்லாரும் செய்யுங்கள்.

அப்புறம், பழைய கேம்களை ஆடுகிறவர்கள் கையில் விடுங்கள். 1993இல் வந்த டூம் கேமின் சோர்ஸ் கோடை, அதாவது அதை எழுதிய நிரல் வரிகளை, அதைத் தயாரித்த ஐடி சாஃப்ட்வேர் 1997இல் வெளியிட்டது; ஆர்வலர்கள் அதைத் திருத்தித் திருத்தி இன்றைய விண்டோஸிலும் ஓட வைத்திருக்கிறார்கள். கவுன்டர் ஸ்ட்ரைக் கேமே 1999இல் ஹாஃப் லைஃப் என்ற கேமின் மேல் ரசிகர்கள் கட்டியதுதான். ஹாஃப் லைஃபைத் தயாரித்த வால்வ் கம்பெனி அவர்களை விரட்டவில்லை, வேலைக்குச் சேர்த்துக்கொண்டது.

என் கடையில் 4 ஜிபி ராம் மெஷின் ஒன்று இன்னும் ஓடுகிறது. லைட் வெர்ஷன் தயாரானால் அனுப்புங்கள். அதில் ஓட்டிப் பார்த்து, எங்கெங்கே திணறுகிறது என்று எழுதி அனுப்புகிறேன்.