பாராட்டாக இருந்த பழிச்சொல்

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழின் ஆங்கிலச் சொல் பகுதியில் 'எக்ரீஜியஸ்' என்பதற்கு 'படுமோசமான' என்று பொருள் தந்திருந்தீர்கள். இன்றைய வழக்குக்கு அது சரிதான். மனித உரிமை அறிக்கைகளில் அந்தப் பொருளில்தான் வருகிறது. ஆனால் சொல்லின் பிறப்பை விட்டுவிட்டதால் மாணவர்களுக்குப் பாதிதான் கிடைத்திருக்கிறது.

லத்தீனில் 'கிரெக்ஸ்' என்றால் மந்தை. முன்னொட்டாக வரும் 'எக்ஸ்' வெளியே என்று பொருள்படும். மந்தையிலிருந்து தனித்துத் தெரிவது எதுவோ அது 'எக்ரேகியுஸ்'. ரோமானியர்களுக்கு இது முழுக்க முழுக்கப் பாராட்டு. பேரரசுக் காலத்தில் 'விர் எக்ரேகியுஸ்' என்பது உயர் அதிகாரிகளுக்குரிய பட்டமாகவே இருந்தது.

ஆங்கிலத்துக்கும் 16ஆம் நூற்றாண்டில் புகழ்ச்சியாகத்தான் வந்து சேர்ந்தது. ஆங்கில நாடக ஆசிரியர் மார்லோவின் 'டாம்பர்லேன்' நாடகத்தின் இரண்டாம் பாகத்தில் ஓர் அரசன் தன் ஆளுநர்களை இந்தச் சொல்லால்தான் மரியாதையோடு விளிக்கிறான். அப்புறம் சில ஆண்டுகளிலேயே ஷேக்ஸ்பியரின் நாடக வில்லன் இயாகோ, நாயகன் ஒதெல்லோவை அடிமுட்டாளாக்கப் போவதாகச் சொல்லும்போது இதையே வசைக்கு எடுத்துக்கொள்கிறான். கிண்டலாகப் புகழ்ந்து புகழ்ந்தே பொருள் தலைகீழானது என்பார்கள் அகராதி அறிஞர்கள். இன்றைய அர்த்தத்தை மட்டும் மனப்பாடம் செய்த மாணவர் மார்லோவைப் படித்தால் அரசன் திட்டுகிறான் என்றே நினைப்பார். இத்தாலியில் இன்றும் அலுவல் கடிதங்கள் 'எக்ரேஜோ' என்று மரியாதையாகத் தொடங்குகின்றன.

நமக்கு இது புதிதல்ல. கண்ணனின் வாய் கற்பூரம் நாறுமோ என்று சங்கிடம் கேட்டாள் ஆண்டாள். அந்த 'நாறுதல்' இன்று என்ன ஆயிற்று என்று எல்லோருக்கும் தெரியும்.

வேரைச் சொல்லிக் கொடுப்பதில் இன்னொரு லாபமும் உண்டு. மதிப்பெண் பட்டியலில் வரும் 'அக்ரிகேட்', குப்பையைப் பிரிக்கச் சொல்லும் 'செக்ரிகேஷன்', தேவாலயத்தில் கூடும் 'காங்கிரிகேஷன்' எல்லாம் அதே மந்தையிலிருந்து வந்தவைதான். சேர்ப்பது, பிரிப்பது, கூடுவது. வேர் ஒன்று தெரிந்தால் நான்கு சொற்கள் மனதில் நின்றுவிடும். வகுப்பில் இதைச் சொன்னபோதெல்லாம் பின்வரிசைப் பிள்ளைகளும் நிமிர்ந்து உட்கார்ந்ததைப் பார்த்திருக்கிறேன்.

இனி ஒவ்வொரு சொல்லுக்கும் பொருளோடு மூலச்சொல்லையும் ஒரு வரி சேர்த்து வெளியிடுங்கள். இடம் போதாவிட்டால் வாரத்துக்கு ஐந்து சொற்களை மூன்றாகக் குறைத்தாலும் பரவாயில்லை.

அன்புடன்,
ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியை,
கும்பகோணம்